சித்தப்பா உடுப்போடு வந்த நாள்

மூட்டுவலிக்கு நடக்கச் சொல்லி டாக்டர் விரட்டிவிட்ட என் வயதுக்காரர்களுக்கு இந்தக் காட்சி பழகியிருக்கும். விடிந்தும் விடியாமல் அஸ்தம்பட்டியிலிருந்து ஏற்காடு ரோட்டில் ஓரமாக நடந்துகொண்டிருப்போம். பின்னாலிருந்து திமுதிமுவென்று பத்துப் பதினைந்து பையன்கள் ஓடிவந்து நம்மைத் தாண்டிப் போவார்கள். பட்டாளத்துக்கு ஆள் எடுக்கும்போது தேறவேண்டும் என்று ஓடிப் பழகுகிறார்கள். ஒருவர் பைக்கில் விசில் ஊதிக்கொண்டே கூட வருவார். வேகவைத்த முட்டையும் தண்ணீர்ப் பாட்டிலுமாகப் பெற்றவர்கள் டீக்கடைப் பக்கம் காத்திருப்பார்கள். பையன் தேறிவிட்டால் ஊரில் பேனர் வைக்கிறார்கள், பெண் வீட்டார் தேடி வருகிறார்கள் என்றெல்லாம் கேள்விப்படுகிறேன். நல்லதுதான். ஆனாலும் அந்தப் பையன்களைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது. அது ஏன் என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

நம் பேரப்பிள்ளைகளிடம் சொன்னால் நம்பமாட்டார்கள். வெண்ணந்தூர்ப் பக்கம், நாம் சிறுபிள்ளைகளாக இருந்த காலத்தில், நாலு ஏக்கர் விளைகிற காடும் கிணறும் உள்ள குடும்பத்திலிருந்து ஒருவன் பட்டாளத்துக்குப் போனால் அதை வெளியே சொல்லமாட்டார்கள். பட்டாளத்தின் மேல் யாருக்கும் கோபம் கிடையாது. போர் வந்தால் ரேடியோ இருக்கிற வீட்டில் ஊரே உட்கார்ந்திருக்கும். ஜவான்களுக்கு என்று பள்ளிக்கூடத்தில் உண்டியல் குலுக்கினால் அப்பாவும் போடுவார். ஆனால் அந்த ஜவான் வேறு யார் வீட்டுப் பிள்ளையாகவோ இருக்கவேண்டும், அவ்வளவுதான்.

எங்கள் ஊர்ச் சாவடிச் சுவரில் ஒரு கல் பதித்திருந்தது. வெள்ளைக்காரன் காலத்துப் பெரிய போருக்கு இந்த ஊரிலிருந்து இத்தனை பேர் போனார்கள், இத்தனை பேர் திரும்பவில்லை என்று எண்ணிக்கையை மட்டும் வெட்டியிருந்தார்கள். பெயர் ஒன்றுகூடக் கிடையாது. யார் அவர்கள் என்று ஒருமுறை அப்பாவைக் கேட்டேன். நம் சனம் யாரும் அதில் இல்லை, காடு இல்லாதவர்கள் கஞ்சிக்கு வழியில்லாமல் போனார்கள் என்றார். அவர்கள் குடியிருந்த தெற்கு வளவில் போய்க் கேட்டிருந்தால் அத்தனை பெயரையும் சொல்லியிருப்பார்கள். எங்கள் வளவிலிருந்து அப்படிப் போய்க் கேட்டவர் யாரும் இல்லை. நாடு விடுதலையாகிக் கால் நூற்றாண்டு ஆகியும் எங்கள் வீடுகளில் பட்டாளம் என்றால் சோற்றுக்கு இல்லாதவன் சேருகிற இடம்தான்.

அப்படிப்பட்ட வீட்டிலிருந்துதான் சித்தப்பா போனார். அப்பாவுக்குத் தம்பி, அத்தைக்கு அண்ணன், இருபத்திரண்டு வயது. கிணற்று மோட்டாருக்குத் தோல் வாஷர் வாங்கச் சேலம் போனவர், ஏதோ மைதானத்தில் வரிசை நிற்கிறதே என்று பார்த்திருக்கிறார். மார்பு அளக்கிறார்கள் என்றதும் தானும் நின்றிருக்கிறார். சாயங்கால பஸ்ஸில் கண்டக்டர் வாஷரைக் கொண்டுவந்து கொடுத்தார், சித்தப்பா வரவில்லை. ஒரு வாரம் கழித்துப் பயிற்சிக்குப் போகிறேன் என்று கடிதம் வந்தது. அப்பா அதைக் கேட்டுவிட்டுத் தோட்டத்துக்குப் போய் அந்த வாஷரை மாட்டினார். தண்ணீர் நன்றாக வந்தது.

ஊருக்குச் சொல்ல ஒரு பொய் வேண்டுமே. வடக்கே லாரிக்குப் போயிருக்கிறான் என்று அப்பா சொல்லிவிட்டார். அப்போது எங்கள் பக்கத்துப் பையன்களில் பாதிப்பேர் கிளீனராகவோ டிரைவராகவோ வடக்கே போய்க்கொண்டிருந்தார்கள். நாளைக்கு ஒருவன் சொந்த வண்டி வாங்கலாம், அதில் கௌரவக் குறைச்சல் இல்லை. பொய் சொல்ல ஆயிரம் தொழில் இருந்தது. லாரிக்காரர்கள் நிறைந்த ஜில்லாவில் இருந்துகொண்டு லாரி என்று பொய் சொன்ன புத்திசாலி என் அப்பாவாகத்தான் இருப்பார்.

அப்பாவுக்குக் கையெழுத்துப் போடத் தெரியும், பஸ் போர்டு படிக்கத் தெரியும். அதற்குமேல் எழுத்து வேலையெல்லாம் என்னிடம்தான் வரும். எனக்குப் பத்து வயது. தபால்காரர் வீட்டு வாசலில் நின்று கூப்பிட்டால் ஊருக்குத் தெரிந்துவிடும் என்று, சித்தப்பாவின் கடிதங்கள் பள்ளிக்கூடத்துக்கு என் பெயரில் வந்தன. எந்த ஊரிலிருந்து என்று அதில் இருக்காது, ஒரு நம்பர் மட்டும் இருக்கும். இங்கே தேங்காயெண்ணெய் கல்லாக இருக்கிறது, இடுப்பில் கட்டி வைத்துக்கொண்டு உருக்குகிறேன் என்று எழுதுவார். ரொட்டி தின்று தின்று தாடை வலிக்கிறது, உங்கள் அம்மா கையால் ஒரு வாய் கம்மஞ்சோறு கிடைத்தால் போதும் என்று எழுதுவார். மாட்டுக்கொட்டகையில் வைத்து அம்மாவுக்கும் அத்தைக்கும் நான் மெதுவாகப் படித்துக் காட்டுவேன். சாணி வாசமும் மரவள்ளித் தோல் புளித்த வாசமும் கலந்த அந்த இடத்தில்தான் பனி என்ற ஒன்றைப் பற்றி முதலில் தெரிந்துகொண்டேன்.

கிழக்கே போர் நடந்த நாட்களில் கடிதம் நின்றுபோனது. அம்மாவும் அத்தையும் ரேடியோ வீட்டுக்குப் போய் உட்கார்ந்திருப்பார்கள். எல்லோரையும் போல வேடிக்கை கேட்பதாக முகத்தை வைத்துக்கொள்ள வேண்டும். அம்மா அம்மன் கோயிலில் வேண்டிக்கொண்டாள். யாருக்கு என்று பூசாரி கேட்டதற்கு, லாரிக்குப் போன கொழுந்தனுக்கு என்றாள். லாரிக்கு எதற்கு இவ்வளவு பெரிய வேண்டுதல் என்று அவர் சிரித்தாராம். போர் முடிந்து பதினெட்டாம் நாள் கடிதம் வந்தது. அத்தை அதைப் படிக்கவிடாமல் வாங்கி வைத்துக்கொண்டு வெகுநேரம் அழுதாள்.

நான் சொல்ல வந்தது அதற்கடுத்த கோடையைப் பற்றி. அத்தைக்கு இருபது வயது ஆகியிருந்தது. மூன்று இடம் வந்து மூன்றும் தட்டிப்போயிருந்தது. அப்போதுதான் நாமக்கல் பக்கத்திலிருந்து ஒரு சம்பந்தம் வந்தது. மூன்று லாரி வைத்திருந்த குடும்பம். பையனுக்கு எங்கள் அத்தையை எடுத்து, அவர்கள் பெண்ணை எங்கள் சித்தப்பாவுக்குக் கொடுப்பது என்று பேச்சு. பெண் கொடுத்துப் பெண் எடுப்பது நம் பக்கம் சகஜம்தானே. மாப்பிள்ளை வந்து பார்த்துவிட்டுப் போனதிலிருந்து அத்தை கிணற்றடியில் தானாகச் சிரித்துக்கொண்டிருந்தாள். நான் கேலி செய்தால் ஈரத் துணியால் அடிப்பாள்.

மாப்பிள்ளையின் அப்பா நல்ல மனிதர், ஆனால் லாரிக்காரர். தன் பெண்ணைக் கட்டப்போகிறவன் எந்த வண்டியில் ஓடுகிறான், எந்தப் புக்கிங் ஆபீஸ் என்று கேட்டார். அப்பா கண்ணை மூடிக்கொண்டு நாக்பூர் என்று சொல்லிவிட்டார். அவருடைய வண்டிகளும் நாக்பூர்தான் போய்க்கொண்டிருந்தன. மருமகனாக வரப்போகிறவனைக் கண்டுபிடித்துத் தன் வண்டியிலேயே ஏற்றிக்கொள்ளலாம் என்ற நல்ல எண்ணத்தில் டிரைவர்களிடம் சொல்லிவிட்டிருக்கிறார். அவர்கள் புக்கிங் ஆபீஸ், டீக்கடை, ஒர்க்‌ஷாப் என்று ஒன்று விடாமல் விசாரித்தார்கள். அப்படி ஓர் ஆள் இல்லவே இல்லை. பையன் வடக்கே ஜெயிலில் இருக்கவேண்டும், இல்லாவிட்டால் எவளையோ சேர்த்துக்கொண்டு குடித்தனம் நடத்தவேண்டும் என்று அவர்கள் முடிவு கட்டினார்கள். கொஞ்சம் யோசித்துச் சொல்கிறோம் என்று ஆள் விட்டார்கள். அதற்கு என்ன அர்த்தம் என்று பத்து வயதுப் பெண்ணுக்கும் தெரியும்.

அத்தை அன்று சாப்பிடவில்லை. அடுத்த நாளும் சரியாகச் சாப்பிடவில்லை. அம்மா பொறுக்கமுடியாமல் அப்பாவிடம் கேட்டாள்.

"ஏனுங்க, செயிலுன்னு நெனைக்கறதுக்குப் பட்டாளம்னு சொல்லிப்போடலாமுல்லீங்க?"

"செயிலுக்குப் போனவன் திரும்பி வந்து காட்டை ஓட்டுவான். பட்டாளத்துக்குப் போனவன் ஊட்டுல சோறில்லாம போனான்னு பேசுவாங்க. என்ற அப்பன் வெச்ச பேரு அதோட போச்சு" என்றார் அப்பா.

அவர் கெட்டவர் இல்லை. தம்பி போரிலிருந்து உயிரோடு திரும்பினான் என்று தெரிந்த அன்று யாருக்கும் தெரியாமல் ஒரு கிடாயை நேர்ந்துவிட்டவர் அவர். ஆனால் சித்தப்பா உடுப்புப் போட்டு ஸ்டுடியோவில் எடுத்து அனுப்பிய போட்டோவை அடுப்பில் போட்டவரும் அவர்தான்.

பங்குனியில் சித்தப்பாவுக்கு இரண்டு மாத லீவு கிடைத்தது. அப்பா என்னைக் கூப்பிட்டுக் கடிதம் எழுதச் சொன்னார். உடுப்புப் போட்டுக்கொண்டு வரக்கூடாது, வேட்டி சட்டையில் வரவேண்டும், ஊருக்குள் வராமல் தோட்டத்து வழியாக மோட்டார் ரூமுக்கு வரவேண்டும். நான் எழுதினேன். எழுதினேன் என்றா சொன்னேன்? உடுப்புப் போட்டுக்கொண்டு அஞ்சு மணி பஸ்ஸில் வாங்க சித்தப்பா, நான் ஸ்டாப்பில் நிற்கிறேன் என்று எழுதி ஒட்டிப் பெட்டியில் போட்டேன். என் வகுப்புப் பிள்ளைகளுக்குக் காட்டவேண்டும் என்பதைத் தவிர அப்போது எனக்கு வேறு நோக்கம் இருந்ததாக நினைவில்லை. அத்தையின் கல்யாணம் அந்தரத்தில் நிற்கிறதே என்ற எண்ணம் அந்த மண்டையில் ஏறவே இல்லை.

வந்தார். பஸ்ஸின் படியில் முதலில் அந்தக் கறுப்பு டிரங்குப் பெட்டி இறங்கியது, வெள்ளை எழுத்தில் பெயரும் நம்பரும். பின்னால் பச்சை உடுப்பு, பெல்ட், பளபளவென்ற பூட்ஸ், சரித்து வைத்த தொப்பி. கஞ்சி போட்டுத் தேய்த்த துணி இரண்டு நாள் ரயிலில் வந்தும் மடிப்பு கலையாமல் இருந்தது. நாலைந்து சிநேகிதிகள் என்னுடன் நின்றார்கள். ஒருத்தி பெட்டியின் வெள்ளை எழுத்தைத் தொட்டுப் பார்த்தாள். சித்தப்பா என் தலையில் தொப்பியை வைத்தார். அது மூக்கு வரைக்கும் இறங்கியது. வியர்வையும் ஷூ பாலிஷும் கலந்த ஒரு வாசம் அதற்குள் இருந்தது.

டீக்கடைக்காரர் எழுந்து நின்றார். தெற்கு வளவிலிருந்து ஒரு கிழவர் ஓடிவந்து சல்யூட் அடித்தார், சித்தப்பாவும் நின்று திருப்பி அடித்தார். நான் தொப்பியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு முன்னால் நடந்தேன். எங்கள் சந்து திரும்பியதும் வீட்டு வாசல் தெரிந்தது. அப்பாவின் செருப்பு வெளியே கிடந்தது. இருபது அடி இருக்கும்போது கதவு சாத்திக்கொண்டது. உள்ளேயிருந்து தாழ் விழுந்த சத்தம் நன்றாகக் கேட்டது.

சித்தப்பா நின்றார். ஜன்னல் பக்கம் ஒரு நிமிஷம் பார்த்தார். பிறகு பெட்டியைத் தோள் மாற்றிக்கொண்டு, "வா சாமி, பொறவாசலுக்குப் போலாம்" என்றார். அக்கம்பக்கத்தில் எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் அப்பாவை அன்று வெறுத்தேன். பத்து வயதில் எவ்வளவு முடியுமோ அவ்வளவு வெறுத்தேன்.

கொட்டகையில் வைத்து அப்பா கத்தினார். அவ்வளவு தெளிவாக எழுதச் சொல்லியும் இப்படி வந்து நிற்கிறாயே என்றார். நான் மாட்டின் பின்னால் ஒதுங்கினேன். சித்தப்பா பெல்ட்டைக் கழற்றிக்கொண்டே, கடிதம் எதுவும் வந்து சேரவில்லை அண்ணா, மலைமேல் தபால் சரியாக வருவதில்லை என்றார். சொல்லும்போது என் பக்கம் திரும்பவே இல்லை. பிறகு தோட்டத்துக்குப் போகும்போது நான் அழுதேன். "எனக்குந்தான் ஆசையா இருந்துச்சு சாமி. உங்கப்பன் அப்படி எழுதச் சொல்ல மாட்டாருன்னு தெரிஞ்சுதான் போட்டுட்டு வந்தேன்" என்றார்.

சேதி இரண்டே நாளில் நாமக்கல் போய்விட்டது. மூன்றாம் நாள் மாப்பிள்ளையின் அப்பா தனியாக வந்தார். கயிற்றுக்கட்டிலில் உட்கார்ந்து மோர் குடித்தார். சித்தப்பாவைக் கூப்பிடச் சொல்லி மேலும் கீழும் பார்த்தார். அத்தை அடுக்களைக் கதவுக்குப் பின்னால் என் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவள் நகம் பதிந்த இடம் எனக்கு வலித்தது.

"பட்டாளத்தை நான் கொறச்சுச் சொல்ல மாட்டனுங்க" என்று ஆரம்பித்தார். "என்ற மொத வண்டியே பட்டாளத்துல கழிச்சுப்போட்ட வண்டி, ஏலத்துல எடுத்தது. அதுல சம்பாரிச்சுத்தான் இன்னைக்குச் சோறு திங்கறோம். மொதல்லயே நெசத்தைச் சொல்லியிருந்தா டிரைவருக நாக்பூரைச் சல்லடை போட்டுத் தேடியிருக்க வேண்டாம். உங்க பொண்ணை நாங்க எடுத்துக்கறோம். அதுல மாத்தமில்லீங்க."

தோளில் அத்தையின் பிடி தளர்ந்தது. ஆனால் அவர் இன்னும் முடிக்கவில்லை. "என்ற பொண்ணைக் குடுக்கறதுதான் முடியாதுங்க. நாளைக்கு ஒரு தந்தி வந்தா அவ கதி என்னங்க? தம்பி, நீங்க பட்டாளத்தை உட்டுப்போட்டு வந்தா வண்டியும் தாரேன், பொண்ணும் தாரேன்."

அப்பா சித்தப்பாவைப் பார்த்த பார்வை எனக்கு இன்னும் கண்ணில் நிற்கிறது. கெஞ்சுகிற பார்வை. அப்பாவை அப்படி நான் அதற்கு முன்னும் பின்னும் பார்த்ததில்லை.

"கூட இருந்தவங்க மூணு பேரை அங்க பொதச்சுட்டு வந்திருக்கனுங்க" என்றார் சித்தப்பா. "உட்டுப்போட்டு வர முடியாது. நீங்க சொல்றதும் நாயந்தானுங்க. என்ற தங்கச்சிய எடுத்துக்கங்க. எனக்குப் பொண்ணு வேண்டாம்."

பட்டாளத்தான் வீட்டில் பெண் எடுக்கலாம், பட்டாளத்தானுக்குக் கொடுக்கக்கூடாது. ஒரு டம்ளர் மோரில் அது முடிவாகிவிட்டது. அத்தை கதவுக்குப் பின்னாலேயே உட்கார்ந்துவிட்டாள். அவள் அழுதது எதற்காக என்று அப்போது எனக்குப் புரியவில்லை. அவளுக்கே புரிந்திருக்குமா என்று இப்போதும் சந்தேகம்தான்.

ஜோசியர் இரண்டு முகூர்த்தம் குறித்துக் கொடுத்தார். ஒன்று சித்தப்பாவின் லீவுக்குள் இருந்தது, மற்றது லீவு முடிந்து ஒன்பது நாள் கழித்து. கடலைக்காய் பிடுங்கவேண்டும், ஆள் கிடைக்காது என்று காரணம் சொல்லி அப்பா இரண்டாவதை எடுத்தார். சித்தப்பா சரி என்றார். மிச்ச நாளெல்லாம் வேட்டி கட்டிக்கொண்டு பந்தலுக்கு மூங்கில் வெட்டினார், மரவள்ளிக்குத் தண்ணீர் கட்டினார், அத்தைக்குக் கண்ணாடி வைத்த மர பீரோ ஒன்றை ராசிபுரத்திலிருந்து மாட்டுவண்டியில் உடையாமல் கொண்டுவந்தார். டிரங்குப் பெட்டியின் மேல் இருந்த பெயரையும் நம்பரையும் அப்பா, மாட்டுவண்டிக்கு அடித்ததில் மிஞ்சிய பெயிண்டால் மூடினார். கிளம்புகிற காலையில் அதில் ஒரு பக்கம் இன்னும் காயாமல் சித்தப்பாவின் வேட்டியில் ஒட்டிக்கொண்டது. கல்யாணத்தில் மாப்பிள்ளையோடு கை கோர்த்து உட்காரவேண்டிய மைத்துனர் சீருக்குப் பெரியப்பா மகன் ஒருவரை உட்காரவைத்தார்கள். அண்ணன் எங்கே என்று கேட்டவர்களுக்கு என்ன சொன்னார்கள் என்று தெரியவில்லை. கேட்டவர்கள் அதிகம் பேர் இல்லை என்றே நினைக்கிறேன்.

சித்தப்பா கல்யாணம் செய்துகொள்ளவில்லை. சர்வீஸ் முடிந்து வந்த பிறகு ஆட்டையாம்பட்டிப் பக்கம் ஒரு ஜவ்வரிசி ஆலையில் வாட்ச்மேன் வேலை பார்த்தார். அங்கே காக்கி உடுப்புக் கொடுத்தார்கள். அதைப் போட்டுக்கொண்டு கேட்டில் நின்று முதலாளியின் காருக்கு சல்யூட் அடிப்பார். அந்த உடுப்பைப் பற்றி எங்கள் வீட்டில் யாரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. சில வருஷங்களுக்கு முன் தூக்கத்திலேயே போய்ச் சேர்ந்தார்.

போன மாதம் அத்தையின் பேரன் போன் செய்தான். அவனும் விடியற்காலையில் ஓடிய பையன்தான், தேறிவிட்டான். வழியனுப்பு விழா வைக்கிறார்கள், மூன்று தலைமுறைப் பட்டாளக் குடும்பம் என்று பேனர் அடிக்கப்போகிறார்கள். இரண்டு ஆளை வைத்து எப்படி மூன்று தலைமுறை கணக்குச் சொல்கிறான் என்று நான் கேட்கவில்லை. சித்தப்பா உடுப்போடு இருக்கிற போட்டோ ஒன்று வேண்டும் என்றான். இல்லை சாமி என்றேன். ஏன் இல்லை என்று கேட்டான். எங்கோ தொலைந்துபோனது என்று சொல்லிவிட்டேன். எங்கள் வீட்டுப் பொய் என்னோடும் வருகிறது பாருங்கள்.

ஆட்டையாம்பட்டியில், அத்தை தன் மகளைக் கட்டிக்கொடுத்த வீட்டுக்குப் போய் இறங்கினால் வாசலில் பத்தடி உயரத்துக்குச் சித்தப்பா நிற்கிறார். ஓட்டர் ஐடியில் இருந்த கிழட்டு முகத்தை எடுத்து யாரோ ஒரு பெரிய அதிகாரியின் உடம்பில் ஒட்டியிருந்தார்கள். நெஞ்சு நிறைய மெடல், இடுப்பில் வாள். முகம் மட்டும் போட்டோ எடுத்தவன் அசையாதே என்று அதட்டியதுபோல மிரண்டிருந்தது. சம்பந்திகளும் ஊர்க்காரர்களும் அதன் முன்னால் நின்று செல்போனில் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். எனக்குச் சிரிப்பும் வந்தது, ஆத்திரமும் வந்தது.

அத்தை ஓரமாக ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். உசிரோடு இருக்கும்போது கதவைச் சாத்திவிட்டு இப்போது வாள் கொடுத்திருக்கிறார்கள், உங்கள் பெரியண்ணன் இருந்து இதைப் பார்த்திருக்கவேண்டும் என்றேன். அப்பாவைத்தான் குத்திச் சொன்னேன். அவர் போய் இருபது வருஷம் ஆகிறது, இன்னும் எனக்கு ஆறவில்லை.

அத்தை பேனரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"உங்கப்பன் அப்பப் பொறவாசல்ல மாட்டுக்குத் தண்ணி காட்டிட்டு இருந்தாரு கண்ணு" என்றாள். "கதவச் சாத்துனது நாந்தான்."

நான் அவள் பக்கம் திரும்பினேன்.

"எனக்கு அந்தக் கல்யாணம் வேணும்னு இருந்துச்சு. தாழப் போட்டுட்டு ஜன்னல்ல பாத்தேன். அண்ணனும் என்னப் பாத்துட்டாரு. பாத்துட்டுத்தான் பொறவாசலுக்கு வந்தாரு."

மேளக்காரர்கள் வந்து இறங்கினார்கள். பேரன் மாலையோடு எங்களைக் கும்பிட வந்துகொண்டிருந்தான்.

"சாகற வரைக்கும் தீவாளிக்குத் தீவாளி எனக்குச் சீர் கொண்டாந்தாரு. ஏன் சாத்துனேன்னு ஒரு நாளும் கேக்கலை."